தோளில் இருந்த கை

நான் நடிக்கும் படங்களில் பெரும்பாலும் செத்துப்போவேன். காசில்லாமல் படம் எடுக்கிறவர்களுக்குப் பேய்தான் கட்டுப்படியாகும். பேய்க்கு ஒரே சேலை போதும். பங்க் இசைக்குழுவில் தொண்டை கிழியப் பாடியவள் என்பதால் அலறுவதற்கும் வேறு ஆள் தேட வேண்டாம்.

போன படத்தில் நான் சுவரில் மாலையோடு தொங்க வேண்டும். சிரிக்கிற போட்டோவாகக் கொடு என்றார் இயக்குநர். குழுவில் இருந்த காலத்தில் ஒரே ஒரு படத்தில்தான் சிரித்திருக்கிறேன். அதில் எங்கள் டிரம்மர், என் உயிர்த்தோழி, என் தோளில் கை போட்டு நிற்பாள். அதை எடுத்த கைபேசி எப்போதோ செத்துவிட்டது. அச்சிட்டு வைத்திருந்த ஒரே பிரதியைக் கொடுத்தேன். கலை வேலை பார்த்தவன் அவளை வெட்டிக் குப்பையில் போட்டுவிட்டான். மோட்டார் சைக்கிள் விபத்தில் ஏற்கெனவே ஒருமுறை போனவள். அவனை வாய்க்கு வந்தபடி திட்டினேன், என்ன பயன்? என் தோளில் அவளுடைய விரல்கள் மட்டும், கறுப்பு நகப்பூச்சும் கோணல் சுண்டுவிரலுமாக, மிச்சமிருந்தன.

மெர்போக் பக்கம் அவள் வளர்ந்த ரப்பர் தோட்டத்தில், நாங்கள் ஒத்திகை பார்த்த காலி லயத்து வீட்டில்தான் படப்பிடிப்பு. இடத்தைக் காட்டியதே நான்தான்.

சுங்கை பட்டாணியில் திரையிட்டபோது அம்மா வந்திருந்தார். என் கச்சேரி எதற்கும் வராதவர். மாலையோடு என் முகம் வந்ததும் எழுந்து வெளியே போய்விட்டார்.

"உசுரோட இருக்கற புள்ளைக்கு மாலை போடுவாங்களா? அத எறக்கிட்டு வந்து என் கையில குடு. அதுவரைக்கும் எனக்குச் சோறு எறங்காது."

இயக்குநருக்குப் போன் போட்டேன். "மழையில அவசரமா சாமான் ஏத்துனோம் லா. அது அங்கதான் மாட்டியிருக்கும்."

மறுநாள் மதியம் லயத்து வீட்டுக்குப் போனேன். உள்ளே ஊதுபத்தி வாசம். படம் அதே ஆணியில் இருந்தது. நாங்கள் போட்டது பிளாஸ்டிக் மாலை. இப்போது தொங்கியது வாடாத மல்லிகை. கீழே விளக்கு எரிந்தது. பக்கத்தில் ஒரு டம்ளர் சிவப்பு சிராப் சர்பத். யாரோ என்னை நிஜமாகவே சாகடித்துக் கும்பிட்டுக்கொண்டிருந்தார்கள். பேயாக நடித்தே பிழைக்கிற நான் வாசலை நோக்கிப் பின்வாங்கினேன்.

பின்னால் யாரோ வந்தார்கள். டிரம்மரின் அம்மா, கையில் பூக்கூடையோடு. சாவு வீட்டுக்குப் பிறகு அவரை நான் பார்த்ததில்லை.

"ஆன்ட்டி, நான் சாகல," என்று உளறினேன்.

"தெரியும்மா. ஒனக்கா வெளக்கு வச்சேன்? அவ போன கோவத்துல அவ அப்பா எல்லாப் படத்தையும் கொளுத்திட்டாரு." படத்தில் இருந்த கோணல் விரலைத் தடவினார். "இந்தக் கை மட்டுந்தான் இருக்கு."

என் அம்மா சாப்பிடாமல் கிடப்பதைச் சொல்லும்போதே அழுதுவிட்டேன். அவர் அழவில்லை. படத்தை இறக்கிச் சட்டத்தைப் பிரித்தார். பூக்கூடையில் இருந்த கத்தரிக்கோலை என்னிடம் நீட்டினார்.

"ஒன் மொகத்த வெட்டி எடுத்துக்கம்மா. பெத்தவ சாப்புடட்டும். கைய மட்டும் விட்டுட்டுப் போ."

கையைத் தனியாக வெட்ட முடியவில்லை. என் தோளோடு சேர்த்தே வெட்டிக் கொடுத்தேன்.

அம்மா படத்தை வாங்கிப் பார்த்தார். தோள் இல்லாததைக் கவனிக்கவில்லை. தட்டில் சோறு போட்டுக்கொண்டு உட்கார்ந்தார். அந்தத் தோள் இன்னும் மெர்போக்கில் மாலைக்குள் இருக்கிறது என்று நான் சொல்லவில்லை.