நண்பகலில் நின்ற நீர்

ஒரு சார்பின் பெறுதி, அதாவது அது மாறுகின்ற வீதம், ஓர் ஆயிடை முழுவதும் பூச்சியத்தினும் மிக்க நேர்ப்பெறுமானம் உடையதாயின் அச்சார்பு அவ்வாயிடையில் இடையறாது ஏறும். இதனை மாணவர் எளிதில் ஏற்பர். பெறுதி ஓரிடத்திற் பூச்சியமானால்? அதன் வரைபாகிய வளையி அங்கே திரும்பிவிடும் என்றே பெரும்பாலோர் விடையிறுப்பர். நானும் ஒருகால் அவ்வாறே விடையிறுத்தவன். தேர்வுத்தாளில் அல்ல, என் அண்ணனிடம்.

ஐம்பதுகளின் பிற்பகுதி. அண்ணன் குடாநாட்டிலிருந்து வந்து, ஒட்டுசுட்டானுக்கு அணித்தான குடியேற்றத் திட்டமொன்றிற் காணி பெற்றிருந்தார். தந்தையார் காலமானபின் என்னைப் படிப்பித்தவர் அவரே. நான் அவ்வூர்ப் பாடசாலையில் உதவியாசிரியனாயிருந்துகொண்டு பட்டத்தேர்வுக்குத் தூய கணிதம் பயின்றேன். மண்வெட்டியோடு வயலுக்குப் புறப்படுமுன் அவர் என் கொப்பியை எட்டிப் பார்ப்பார். ஒன்றும் விளங்காது, ஆயினும் நாடோறும் பார்ப்பார்.

அந்த மார்கழியில் மழை ஐந்து நாள் விடவில்லை. ஆறாம் நாட் காலை, குளக்கட்டுக்குக் கீழிருந்த குடும்பங்கள் யாவும் மேட்டிலிருந்த பாடசாலைக்கு ஏறின. அண்ணனும் அண்ணியும் கைகளிற் பிள்ளைகளைச் சுமந்து வந்தமையால், முதல்நாட் கன்றீன்ற பசுவைக் கொட்டிலிலேயே விடவேண்டியதாயிற்று. கன்றைத் தோளிற் போட்டால் தாய் பின்னே வந்துவிடும், போய்வருகிறேன் என்று அண்ணன் பலமுறை எழுந்தார். கட்டு உடைந்தால் வழியில் அகப்படுவீர்கள் என்று அண்ணி மறித்தார்.

நீர் திறந்துவிடும் துருசடியில் மட்டங்காட்டும் அளவுகோல் நாட்டப்பட்டிருந்தது. ஏழு மணிமுதல் மணிக்கொருமுறை சென்று பார்த்துச் சதுரக்கோட்டுக் கொப்பியிற் புள்ளியிட்டேன். முதல் மணித்தியாலத்தில் ஐந்து அங்குலம் ஏறிற்று. அடுத்து நான்கு, பின் இரண்டு, பின் ஒன்று. பதினொன்றுக்கும் பன்னிரண்டுக்கும் இடையில் ஒன்றுமில்லை. மழையும் விட்டிருந்தது. புள்ளிகளை இணைத்து, உச்சியில் அதனைத் தொட்டுச்செல்லும் கிடைக்கோடாகிய தொடலியை வரைந்தேன். அதனைவிட அழகிய வளையியை நான் அதுவரை வரைந்ததில்லை.

அயற்காணிக்காரர் ஒருவர் பொறுக்கச் சொன்னார். காட்டுக்குள் மேற்குளம் ஒன்று உண்டு. அது உடைந்தால் அதன் நீரும் இங்கேயே வரும். அங்கிருந்து செய்தி வரட்டும் என்றார். பின் என் கொப்பியைக் கண்டு, "வாத்தியாற்ற கொப்பியில குளம் வத்தியிருக்கும். இஞ்ச இன்னும் வத்தேல்லை" என்றார். இருந்தோர் சிரித்தனர். அச்சிரிப்பு என்னைச் சுட்டது.

அண்ணன் சிரிக்கவில்லை. "நீ சொல்லு தம்பி. நிண்டிட்டுதோ?"

"ஓம் அண்ணை. ஏறி முடிஞ்சுது. இனி இறங்கும்."

"பிறகென்ன" என்று சால்வையைத் தலையிற் கட்டிக்கொண்டு மேட்டிலிருந்து இறங்கினார். அண்ணி இம்முறை மறிக்கவில்லை. என் முகத்தை ஒருதரம் பார்த்தார்.

ஒரு மணிக்கு நான் சென்றபோது மட்டம் மேலும் இரண்டு அங்குலம் ஏறியிருந்தது. மேற்குளம் உடைந்து, அதன் நீர் காடு கடந்து வந்துகொண்டிருந்தது. "அண்ணை, அண்ணை" என்று கத்தியவாறு வயல்வழியே ஓடினேன். வாய்க்காற் பக்கத்திற் கட்டு உடைந்த ஓசையில் என் குரல் எனக்கே கேட்கவில்லை. நாலைந்து பேர் என்னைப் பிடித்து மேட்டுக்கு இழுத்துச் சென்றனர். அவர்களுள் அந்த அயற்காணிக்காரரும் ஒருவர்.

மூன்றாம் நாள் அண்ணனை ஒரு மருதமரத்தடியிற் கண்டோம். மறுநாட் பசு தானாகவே வந்து சேர்ந்தது. அதன் கயிறு அறுந்திருக்கவில்லை; முடிச்சு அவிழ்க்கப்பட்டு, முழுநீளமும் சேற்றில் இழுபட்டது. கன்று வரவில்லை.

பின்னர், தமிழில் உயர்கணிதம் கற்பிக்கத் தொடங்கிய ஆண்டுகளில், வவுனியாவில் நான் ஆசிரியனானேன். y = x³ என்னும் வளையியை ஆண்டுதோறும் கரும்பலகையில் வரைவேன். x பூச்சியமாகுமிடத்தில் பெறுதியும் பூச்சியம். தொடலி கிடையாகவே கிடக்கும். ஆயினும் அதற்கு முன்னும் பெறுதி நேர், பின்னும் நேர். சார்பு ஏறிக்கொண்டே இருக்கிறது. பூச்சியத்தைக் கண்டவுடன் முடிவு கூறாது அதற்கப்பாற் பெறுதியின் குறி நேரா மறையா எனப் பாருங்கள் என்பேன். நான் அப்பாற் பார்க்கவில்லை. பார்ப்பதற்கு ஒரு மணித்தியாலம் பொறுத்திருந்தாற் போதும். ஏன் இதனை இத்தனை முறை வற்புறுத்துகிறேன் என்பதை எந்த வகுப்புக்கும் சொன்னதில்லை.

அண்ணி அதுபற்றி என்னிடம் ஒரேயொருமுறை பேசினார். காணியை விட்டுக் குடாநாட்டுக்குத் திரும்பிய நாளில், பேருந்துக்குக் காத்து நின்றபோது.

"தம்பி, அண்டைக்குத் தண்ணி நிண்டது மெய்தானே?"

"ஓம் அண்ணி. ஒரு மணித்தியாலம் நிண்டது."

"அது போதும். காணும்" என்றார்.

அதனை எனக்காகக் கேட்டாரோ, தமக்காகக் கேட்டாரோ, இன்றுவரை நான் அறியேன். பேருந்து வந்தது. என் தோளில் உறங்கிய கடைசிப் பிள்ளையை வாங்கிக்கொண்டு ஏறினார்.