கழற்றி வாங்கிய ஜேர்சி

இரண்டு கோடைகளுக்கு முன், ஸ்காபரோவில் ஒரு பெரிய பார்க்கில் நடந்தது இது. புலம்பெயர்ந்த எங்கள் சனம் விட்டுவந்த ஊர்களின் பெயரில் வைத்திருக்கிற சங்கங்கள் வருடாவருடம் நடத்துகிற உதைபந்தாட்டப் போட்டி அன்றைக்கு. நான் ஒரு மரநிழலில் மடக்குக் கதிரையைப் போட்டு, எங்கள் சங்கத்துக்கென்று பொரித்துக் கொண்டுபோன ரோல்ஸ் தட்டுக்குக் காவல் இருந்தேன். முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பந்து விளையாட்டை எனக்குக் கண்ணிலே காட்டக்கூடாது. என் மனிசன் ஊர்ச் சங்கத்தின் செயலாளர். கோடை வந்தால் சனி ஞாயிறு அந்த ஆளை வீட்டில் பார்க்கமுடியாது. ஆனால் ஊத்தை ஜேர்சிகள் மட்டும் மூட்டையாக வீட்டுக்கு வந்துவிடும். தோய்ப்பது யார்? நான்தான்.

இந்தப் போட்டியைப் பற்றித் தெரியாதவர்களுக்கு ஒன்றைச் சொல்லவேண்டும். ஊருக்கு ஒரு அணி. நாற்பது வயதுக்கு மேற்பட்டவர்களின் பிரிவும் உண்டு. அதில் முதலில் வயிறு ஓடிவரும், பிறகுதான் ஆள் வருவார். ஆனாலும் சட்டமென்றால் சட்டம். விளையாடுகிறவர் அந்த ஊரில் பிறந்திருக்கவேண்டும், இல்லாவிட்டால் அந்த ஊர்க்காரரின் பிள்ளையாக இருக்கவேண்டும், அதுவும் இல்லையென்றால் ஊர்ப் பெண்ணைக் கட்டிய மாப்பிள்ளையாக இருக்கவேண்டும். கலியாணம் பேசுகிறபோதுகூட இவ்வளவு துருவிக் கேட்கமாட்டார்கள்.

அந்த வருடம் எங்கள் கோல்கீப்பருக்கு முழங்கால் போய்விட்டது. மாற்று ஆள் ஒருவர் இருந்தார். அவர் நின்றாலும் ஒன்றுதான், கோல்கம்பம் தனியே நின்றாலும் ஒன்றுதான். வீட்டில் இரவுச் சாப்பாட்டில் தினமும் இதே ஒப்பாரி. கேட்டுக் கேட்டுக் காது புளித்துப்போய் ஒருநாள் நான் வாயைத் திறந்தேன். என் வேலையிடத்துக் குசினியில் ஒரு கோல்கீப்பர் இருக்கிறார் என்று சொல்லிவிட்டேன். நுணலும் தன் வாயால் கெடும் என்பார்கள். கெட்டது நான் அல்ல, அந்த மனிதர்.

நான் றிச்மண்ட் ஹில்லில் ஒரு முதியோர் இல்லத்தின் குசினியில் வேலை செய்கிறேன். வீடு இருக்கிற ரூஜிலிருந்து விடியப்புறமே கார் எடுத்துப் போகவேண்டும். அங்கே பாத்திரம் கழுவுகிற பகுதியில் ஒரு ஈரான்காரர் இருந்தார். நாற்பத்தைந்து வயது இருக்கும், நெடுத்த உருவம், பாத்திரத் தொட்டியையே மறைக்கிற மாதிரி இரண்டு பெரிய கைகள். என்னை ‘ஸிஸ்ரர்’ என்று கூப்பிடுவார். ஒரு பனிக்காலத்தில் என் கார் படுத்துவிட்டபோது, தன் வீடு பக்கத்திலேயே இருக்க, என்னை ரூஜ் வரைக்கும் கொண்டுவந்து இறக்கிவிட்டுப் போனவர்.

அந்தப் பனிக்காலம் முழுக்க வெள்ளிக்கிழமை காலைகளில் அவருடைய ஃபோன் தொட்டிக்கு மேலே தட்டில் சாய்ந்து நிற்கும். அதிலிருந்து ஒரு குரல் ஓயாமல் கத்திக்கொண்டிருக்கும். எனக்குத் தலையிடி. வீட்டில் ஒருவர் போதாதா, இங்கேயுமா என்று ஒருநாள் எரிந்து விழுந்தேன். அவர் கோபிக்கவில்லை. கத்துகிறது தன் தம்பி என்றார். தம்பி மைதானத்தில் நின்று மாட்ச்சைப் பார்த்து அண்ணனுக்குச் சொல்லிக்கொண்டிருக்கிறான். அங்கே பின்னேரம், இங்கே விடியல்.

அது அவர்களுடைய சிறிய ஊரின் நகரசபை அணி. குப்பை அள்ளுகிற நகரசபைக்கு என்ன பந்து விளையாட்டு என்று நான் கேட்டேன். அங்கே அப்படித்தானாம். பெரிய கிளப்புகள் பெரிய பட்டினங்களில். சின்ன ஊர்களில் நகரசபைதான் அணியை நடத்துமாம். லீக்கில் கீழே கிடக்கிற அணி, ரீவியில் காட்டமாட்டார்கள். இவர் இளவயதில் காலையில் நகரசபைக்காக வீதியோர மரங்களுக்குத் தண்ணீர் விடுவார், பின்னேரம் அதே நகரசபைக்காகக் கோல் காப்பார். தம்பி அங்கேயே இருந்து அணியின் ஜேர்சி, பந்து எல்லாவற்றுக்கும் பொறுப்பாக இருந்தான். இடையில் சில நாட்கள் அங்கே இன்ரர்நெற் நின்றுபோகும். அப்போது அவர் ஃபோனை எடுப்பார், பார்ப்பார், வைப்பார், திரும்ப எடுப்பார். அது எனக்குத் தெரிந்த வேலை. எங்கள் ஊரில் போர் நடந்த காலத்தில் நானும் ஃபோனுக்குப் பக்கத்தில் அப்படிக் கிடந்தவள்தான். அதன்பிறகு நான் சத்தத்துக்குக் குறை சொல்லவில்லை.

பனி உருகின பிறகு ஒரு வெள்ளிக்கிழமை ஃபோன் பேசாமல் இருந்தது. என்ன என்று கேட்டேன். அணி இனி இல்லை என்றார். தோற்று வெளியே போகவில்லை. புதிதாக வந்த நகரபிதா, லீக்கில் அந்த அணிக்கு இருந்த இடத்தை வேறொரு பட்டினத்துக்கு விற்றுவிட்டார். அப்படியும் விற்கலாமாம். ஆட்கள் அங்கேயே, மைதானம் அங்கேயே, இடம் மட்டும் இன்னொரு ஊருக்குப் போய்விட்டது. ஒரு மேசையில் சில பேர் இருந்து கதைத்து முடித்த காரியம். ஜேர்சிகளையும் எடுத்துக்கொண்டு போனார்களாம். மடித்துக் கொடுத்தது தம்பி. இதைச் சொல்லும்போது அவர் ஒரு பெரிய சட்டியைத் தேய்த்துக்கொண்டிருந்தார். அது ஏற்கெனவே பளபளவென்றுதான் இருந்தது.

இந்த மனிதரைத்தான் நான் எங்கள் சங்கத்துக்குக் காட்டிக்கொடுத்தேன்.

என் மனிசனும் சங்கத் தலைவரும் ஒருநாள் பயிற்சிக்கு அவரை வரச்சொன்னார்கள். அன்றைக்கு ஒருவராலும் அவருக்குக் கோல் போட முடியவில்லை. தலைவர் ஓடிப்போய்க் கட்டிப்பிடித்து, இனி நீ எங்கள் ஊர் என்று ஆங்கிலத்தில் சொன்னார். முதலாம் இலக்க ஜேர்சி கைக்கு வந்தது. வெளியாளை எப்படி விளையாட விடுவார்கள் என்று நான் வீட்டில் கேட்டேன்.

“அதெல்லாம் நாங்கள் பாத்துக்கொள்ளுவம். உமக்கேன் உந்தக் கதை?” என்றார் என் மனிசன்.

அவர்கள் பார்த்துக்கொண்ட விதம் பிறகுதான் எனக்குத் தெரியவந்தது. போட்டிக் குழுவிடம் அவரை ஊர் மாப்பிள்ளை என்று பதிந்துவிட்டார்கள். அவருக்கு இதில் ஒன்றுமே தெரியாது. ஆராவது ‘எந்த ஊர்?’ என்று கேட்டால் எங்கள் ஊர்ப் பெயரைச் சொல்லவேண்டும் என்று மட்டும் பழக்கியிருந்தார்கள். பாத்திரம் கழுவியபடியே சொல்லிப் பார்ப்பார். நான் பிழை திருத்துவேன். தன் ஊரிலும் கிளப்புக்கும் ஊருக்கும் ஒரே பெயர்தான் என்று சந்தோஷமாகச் சொன்னார். ஜேர்சியைப் போட்டு ஒரு படம் எடுத்துத் தம்பிக்கும் அனுப்பினார். அண்ணனுக்குத் திரும்ப ஒரு ஊர் கிடைத்துவிட்டது என்று தம்பி எழுதினானாம். இதை எனக்கு வாசித்துக் காட்டினார்.

இனி அந்தச் சனிக்கிழமைக்கு வருகிறேன். கால் இறுதி ஆட்டத்தில் எதிரணிக்கு ஒரு பெனல்ரி கிடைத்தது. இவர் பாய்ந்து பிடித்தார். பந்தென்றால் முகம் சுளிக்கிற நானே கதிரையைவிட்டு எழும்பிக் கைதட்டினேன். நாங்கள் வென்றோம். விசில் ஊதின கையோடு எதிரணிக்காரர் போட்டிக் குழுவின் மேசைக்குப் போய்விட்டார்கள். உவர் ஆர், உவரைப் பார்த்தால் எங்கடை ஆள் மாதிரி இல்லையே என்று ஒரே சத்தம்.

குழுத் தலைவர் அவரைக் கூப்பிட்டு, தமிழிலேயே கேட்டார். “எந்த ஊர்?”

அவர் நிமிர்ந்து நின்று எங்கள் ஊர்ப் பெயரைச் சொன்னார். நான் திருத்தினபடியே, ஒரு எழுத்துப் பிசகாமல். கூடி நின்ற சனம் முழுக்கச் சிரித்தது. ஏன் சிரிக்கிறார்கள் என்று விளங்காமல் அவரும் கொஞ்சம் சிரித்தார். 

அடுத்த கேள்வி, ஊரில் ஆற்றை பெட்டையை, எந்த வீட்டு மகளைக் கட்டினவர் என்று. அதை அவருக்கு ஒருவரும் பழக்கியிருக்கவில்லை. அப்போது குழுத் தலைவர் சட்டத்தை எடுத்துச் சொன்னார். அவருக்கும் விளங்கவேண்டும் என்று ஆங்கிலத்திலும் சொன்னார். ஆள் பொய் சொல்லிச் சேர்ந்ததென்றால் ஆள் மட்டும் வெளியே. சங்கம் தெரிந்து செய்ததென்றால் சங்கமே வெளியே, வருகிற வருடமும் இடமில்லை.

எங்கள் தலைவர் ஒரு கணம்கூட யோசிக்கவில்லை. “அவர்தான் அப்பிடிச் சொன்னவர் அண்ணை. நாங்கள் நம்பிப்போட்டம். அவர் ஆரெண்டே எங்களுக்கு வடிவாத் தெரியாது.”

இதையும் ஒரு பெடியன் அவருக்கு ஆங்கிலத்தில் சொன்னான். அவர் என் மனிசனைத் திரும்பிப் பார்த்தார். என் மனிசன் குனிந்து தன் காலில் கிடந்த சப்பாத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார். எனக்கு எங்கேயிருந்து வந்ததோ தெரியாது, ரோல்ஸ் தட்டைப் புல்லில் வைத்துவிட்டு நேரே மேசைக்குப் போனேன்.

“பொய். அவர் ஒண்டும் சொல்லேல்லை. பதிஞ்சது இவை. அவருக்கு ஒண்டுமே தெரியாது.”

“நீர் சும்மா இரும்” என்றார் என் மனிசன். அவ்வளவு சனத்துக்கு முன்னால்.

குழுத் தலைவர் என்னையும் பார்த்து, எங்கள் தலைவரையும் பார்த்து, கடைசியில் அந்த மனிதரிடமே கேட்டார். நீர்தான் அப்படிச் சொன்னீரா என்று. அவர் மைதானத்தில் தண்ணீர் குடித்துக்கொண்டு நின்ற எங்கள் அணியை ஒருதரம் பார்த்தார். பிறகு, ஓம், நான்தான் சொன்னேன் என்றார். நான் வாய் திறக்கப் போக, வேண்டாம் என்று எனக்கு மட்டும் தெரியத் தலையசைத்தார்.

அத்தோடு விட்டார்களா? அணியில் கோல்கீப்பருக்கென்று இருந்தது அந்த ஒரு ஜேர்சிதான். அரை இறுதிக்கு மாற்று ஆள் நிற்கவேண்டும். தலைவர் வந்து கையை நீட்டினார். அவர் அங்கேயே கழற்றினார். கழற்றிச் சும்மா கொடுக்கவில்லை. கைகளை உள்ளுக்கு மடித்து, இலக்கம் மேலே தெரியும்படி, கடையில் வைக்கிற மாதிரி மடித்துக் கொடுத்தார். பெனியனோடு நின்றார். மாற்று ஆளிடம் கையுறையும் இல்லையாம். “அந்தக் கிளவுசையும் ஒருக்கா வாங்குங்கோவன்” என்று பின்னாலிருந்து ஒரு குரல். அது தம்பி ஊரிலிருந்து அனுப்பின கையுறை, அந்தப் பழைய அணியின் நிறத்தில். அதையும் கொடுத்துவிட்டுக் கார்களுக்கு நடுவே நடந்து போனார். நான் பின்னால் ஓடினேன். மாட்ச் தொடங்கப்போகிறது, போய்ப் பாருங்கள் ஸிஸ்ரர் என்றார்.

அந்த மாற்று ஆளை வைத்துக்கொண்டும் எப்படியோ நாங்கள் கப் எடுத்தோம். ஓம், வெட்கமில்லாமல் எடுத்தோம். செயலாளர் வீடென்று கப் எங்கள் வீட்டுக்குத்தான் வந்தது. ஆறு கடக்கும்வரை அண்ணன் தம்பி, ஆறு கடந்தால் நீ ஆர் நான் ஆர் என்று சும்மாவா சொன்னார்கள் என்று என் மனிசனைக் கிழித்துவிட்டேன். அவர் எல்லாவற்றையும் கேட்டுவிட்டுச் சொன்னது ஒன்றுதான்.

“அவர்தானே ஒத்துக்கொண்டவர்?”

இதற்குமேல் அந்த ஆளோடு என்ன கதைப்பது? கப்பைத் தூக்கிக் கராஜில் பனி அள்ளுகிற சவளுக்குப் பக்கத்தில் வைத்தேன்.

ஊத்தை ஜேர்சி மூட்டையை அவிழ்த்தபோது அடியில் அந்தக் கையுறைகள் கிடந்தன. ஒருவருக்கும் திருப்பிக் கொடுக்கத் தோன்றவில்லை. சேறு போகக் கழுவிக் காயவைத்து, திங்கட்கிழமை வேலைக்குக் கொண்டுபோய் அவரிடம் கொடுத்தேன். ஏன் அந்தப் பொய்யை ஒத்துக்கொண்டீர்கள் என்று கேட்டேன். கேட்கும்போதே எனக்கு அழுகை வந்துவிட்டது.

அவர் கையுறையை விரித்து, விரல் விரலாக நீவிப் பார்த்தார். மைதானத்தில் தோற்றால் அடுத்த வருடம் திரும்ப வரலாம், மேசையில் இடம் போனால் ஒன்றுமே இல்லை என்றார். எங்கள் அணிக்கு அது நடக்கக் கூடாது என்று நினைத்தாராம். எங்கள் அணி என்றுதான் அப்போதும் சொன்னார்.

அதன்பிறகு அவர் பந்தைப் பற்றி என்னோடு கதைத்ததில்லை. கோபம் ஒன்றும் இல்லை, பழையபடி ஸிஸ்ரர் என்றுதான் கூப்பிட்டார். பனி விழத் தொடங்க, விட்பி பக்கம் வேறு வேலை கிடைத்துப் போய்விட்டார். ஒருநாள் வீட்டுக்குச் சாப்பாட்டுக்குக் கூப்பிடுவம் என்று என் மனிசன் அவ்வப்போது சொல்லுவார். அந்த ஒருநாள் இன்னும் வரவில்லை. நான் ஜேர்சி தோய்ப்பதை விட்டுவிட்டேன், ரோல்ஸ் பொரிப்பதையும் விட்டுவிட்டேன். போன கோடையில் ஆண்கள் தாங்களே மூட்டையைச் சுமந்து காசு போட்டுத் தோய்க்கிற கொயின் லோன்றிக்குப் போனார்கள்.

எங்கள் சனம் எங்கே சந்தித்தாலும், கோயிலோ செத்தவீடோ, முதல் கேள்வி ‘நீங்கள் எந்த ஊர்?’ என்பதுதான். முன்பெல்லாம் வாய் நிறையச் சொல்லுவேன். இப்போது அந்தக் கேள்வி வந்தால், அந்த ஊரைக் கண்ணாலும் காணாத ஒரு மனிதர் நெஞ்சை நிமிர்த்தி அதன் பெயரைச் சொன்னதும், அங்கே பிறந்து வளர்ந்தவர்கள் எல்லாரும் அவரை ஆரென்றே தெரியாது என்று நின்றதும் முன்னுக்கு வந்து நிற்கிறது. ஸ்காபரோ என்று சொல்லிவிட்டு அப்பால் நகர்ந்துவிடுகிறேன்.