ஈரச் சுவரில் ஓர் உழவு மெசின்

எண்பதுகளின் தொடக்கத்தில் சாய்ந்தமருதுவில் ஒரு பள்ளிக்கூடத்தில் சித்திர ஆசிரியராக இருந்தேன். புதிய மண்டபத்தைத் திறந்துவைக்க எம்.பி. வருவதாக இருந்தது. அதன் சுவரில் ஈரச் சாந்துச் சித்திரம் தீட்டித் தருவதாக, ஆசிரிய கலாசாலையில் அதைப் படித்துவிட்டு வந்த மிதப்பில், நானே வாயைக் கொடுத்து மாட்டிக்கொண்டேன்.

அன்றன்று தீட்டி முடிக்கக்கூடிய அளவுக்கு மட்டும் சுண்ணாம்புச் சாந்து பூச வேண்டும். அது காயுமுன் தண்ணீரில் கரைத்த வர்ணத்தைத் தீட்ட வேண்டும். காய்ந்தால் வர்ணம் சுவரோடு சுவராகிவிடும்; பிழை விட்டால் கொத்தியெடுப்பதைத் தவிர வழியில்லை. உடனே முடிவெடுக்கத் தெரிந்தவர்களுக்கான கலை அது. எங்களிடமோ பள்ளிக்கூட அபிவிருத்திச் சபை இருந்தது.

மேசன் காலையில் சாந்து பூசினார். வயலைத் தீட்டிவிட்டு, அதில் வேலை செய்பவர்களைத் தொடங்கும்போது சபையார் வந்தார்கள்.

"மார்க்கத்துல உசிருள்ளத கீறப்படா மாஸ்டர்," என்றார் ஒருவர்.

"முகம் இல்லாம கீறலாமே," என்றார் பள்ளிக்கூட அதிபர்.

முகமில்லாத மனிதன் கூடுமா கூடாதா என்று கதைத்து, தேத்தண்ணி குடித்து, லுஹர் என்கிற பகல் தொழுகையையும் தொழுதுவிட்டு வந்து மறுபடியும் கதைத்தார்கள். கூடாது என்று முடிவானபோது சுவர் காய்ந்திருந்தது. மேசன் உளியை எடுத்தார்.

மறுநாள் புதுச் சாந்தில் தீட்டிய வயலில் மனிதரும் இல்லை, மாடும் இல்லை, கொக்கும் இல்லை. சபைத் தலைவர் சம்மாந்துறையில் அரிசி ஆலையும், உழவு மெசின் என்று நாங்கள் சொல்லும் டிராக்டரும் வைத்திருந்த ஒரு ஹாஜியார். அந்த வெறும் வயலை நெடுநேரம் பார்த்தார்.

"வெறிச்செண்டு கிடக்கு மாஸ்டர். எங்கட உழவு மெசினப் போடுங்க. அதுக்கு உசிரில்லத்தானே?"

"ஓம் ஹாஜியார். ஆனா சாந்து இறுகுது."

"அப்ப கதைச்சிட்டு நிக்காம கெதியாக் கீறுங்க."

கையில் கரைத்திருந்தது செங்காவி மட்டும்தான். சிவப்பாக ஒரு மெசின் வந்தது. ஓட்டுநர் ஆசனம் காலி.

திறப்பு விழாவன்று எம்.பி. அதன் முன்னால் நின்றார்.

"நல்லாயிருக்கு. மெசின் ஓட்டுற ஆளக் காணல்லியே?"

அதிபர் என்னைப் பார்த்தார். நான் ஹாஜியாரைப் பார்த்தேன். ஹாஜியார் முன்னால் வந்தார்.

"நான்தான் சேர் ஓட்டின. நீங்க வாறீங்க எண்டு இறங்கி வந்திட்டன்."

மண்டபமே சிரித்தது. எம்.பி. அவர் தோளில் தட்டினார், சுவரை மறந்துவிட்டார். எனக்கு வயிற்றெரிச்சலாக இருந்தது.

பகல் விருந்தில் ஹாஜியார், பலர் சேர்ந்துண்ணும் தன் சஹன் தட்டைச் சுற்றி என்னையும் இருத்தி, நல்ல இறைச்சித் துண்டுகளாகப் பார்த்து என் பக்கம் தள்ளினார்.

"எல்லாம் சரி மாஸ்டர். எங்கட மெசின் நீலமெல்லோ? நிறத்த மாத்தேலாதா?"

"சுவரக் கொத்தணும் ஹாஜியார்."

மென்றபடியே யோசித்தார்.

"அப்ப கிடக்கட்டும். மெசினுக்குச் சிவப்புப் பெயின்ட் அடிச்சிடுவம்."

அடித்தும் விட்டார்.