எங்கள் ஆஸ்பத்திரியில் விழாத குண்டுகள்

அறுபதுகளின் நடுவில் சென்னையிலிருந்து ஒரு படக்காரர் காமிராவோடு விருதுநகருக்கு வந்தார். நான் அப்போது அங்கே ஒரு ஆஸ்பத்திரியில் நர்ஸ். இரண்டாம் உலக யுத்தத்துக்குப் போன சிப்பாய்களைப் பற்றி எல்லாரும் பேசுகிறார்கள், கூடப் போன நர்ஸுகளை யாரும் கேட்பதில்லை, அதனால் உங்களை வைத்து ஒரு சின்னப் படம் எடுக்கிறேன் என்றார். அத்தனை வருஷமாக யாரும் கேட்காததை ஒரு மனுஷன் கேட்டுவிட்டார். எல்லாவற்றையும் கொட்டிவிட்டேன்.

எங்கள் மிலிட்டரி ஆஸ்பத்திரி பர்மா எல்லைக்கு இந்தப் பக்கம், அஸ்ஸாமில் இருந்தது. அங்கே குண்டு ஒன்றுகூட விழவில்லை. மலேரியா, வயிற்றுப்போக்கு, பேன். நாள் முழுக்கப் பெட்பேன் கழுவியதுதான் நான் செய்த யுத்தம். என்னோடு பயிற்சி முடித்து, என்னோடு ஒரே ரயிலில் வந்த காரியாபட்டிக்காரி ஒருத்தி, காலரா வார்டில் வேலை பார்த்துக் காலராவிலேயே போனாள். அவளைப் பற்றித்தான் அதிகம் சொன்னேன். காமிரா முன்னாலும் சொன்னேன்.

படக்காரர் பொறுமையாகக் கேட்டுவிட்டு, "குண்டு இல்லாம யுத்தம்னா யார் சிஸ்டர் நம்புவாங்க?" என்றார். அவர் இந்தப் பக்கம் வந்ததே எங்கள் வட்டாரத்துப் பட்டாசு வெடிக்காகத்தான் என்று பிறகு புரிந்தது. திருத்தங்கலுக்கு வெளியே ஒரு பொட்டலில் கூடாரம் அடித்தார்கள். பட்டாசுக் கம்பெனி ஆள் ஒருவர் வெடி வைக்க, புகைக்குள் ஸ்ட்ரெச்சரை ஒட்டி என்னை நடக்கவிட்டார்கள். எனக்கு வாய் நீளம் என்பது எங்கள் டாக்டருக்கே தெரியும். அன்று அந்த வாய் திறக்கவில்லை. கஞ்சி போட்ட தொப்பி கலையாமல் பார்த்துக்கொண்டு, சொன்னபடியெல்லாம் நடந்தேன்.

படம் தயாரானதும், ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆராதனை முடிந்து எங்கள் சபைப் பள்ளிக்கூட ஹாலில் ஜன்னலை எல்லாம் சாக்கால் மறைத்துப் போட்டுக் காட்டினார்கள். காரியாபட்டிக்கு ஆள் அனுப்பி அவளுடைய அம்மாவை வரச் சொல்லியிருந்தேன். உங்கள் மகள் கதையை ஊரே பார்க்கப்போகிறது என்று பெருமையாகச் சொல்லியனுப்பினேன். பஸ் பிடித்து வந்து என் பக்கத்தில் உட்கார்ந்தார்.

திரையில் புகைக்குள் நான் நடந்தேன். நன்றாகத்தான் இருந்தேன். ஹாலில் கைதட்டினார்கள். சொல்லவே கூசுகிறது, படம் ஓடிய நேரம் முழுக்கப் பக்கத்தில் இருந்தவர் நினைவே எனக்கு வரவில்லை. அவர் மகளைப் பற்றி ஒரு வார்த்தைகூட அதில் இல்லை என்பது, ஜன்னலைத் திறந்த பிறகுதான் உறைத்தது.

சனம் என்னைச் சூழ்ந்துகொண்டது. போதகர் கைகூப்பினார். அந்த அம்மா மட்டும் பெஞ்சை விட்டு எழவில்லை. என் சேலையைப் பிடித்து இழுத்தார்.

"காலராவுல போனான்னு சொன்னியே தாயி. என் மனசு தாங்காதுன்னுதான் அப்பிடிச் சொன்னியா? குண்டுலயா செத்தா எம்மக?"

வெட்கம் என்னைப் பிடுங்கித் தின்றது. குனிந்து அவர் காதருகே போய், "இல்லம்மா, அங்கன குண்டே விழல. இது நம்ம ஊரு வெடி. அவ காலராவுலதான் போனா," என்று முணுமுணுத்தேன்.

"சத்தமாச் சொல்லு தாயி, கேக்கல," என்றார்.

சுற்றி நின்ற முகங்களைப் பார்த்தேன். எல்லாரும் சிரித்த முகமாக என்னையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"வீட்டுக்கு வாங்கம்மா, சொல்லுதேன்," என்றேன்.

அவர் வீட்டுக்கு வரவில்லை. நான் கும்பலிலிருந்து விடுபட்டு வெளியே வருவதற்குள், மகள் குண்டில்தான் செத்தாள் என்ற நினைப்போடு காரியாபட்டி பஸ்ஸில் ஏறிப் போய்விட்டார்.