ராசாங்கம் பிரித்த கூரை

தா.பழூருக்குக் கிழக்கே வாய்க்காலின் மேல் ஜமீன் காலத்து மரப்பாலம் ஒன்று இருக்கிறது. வெறும் பாலம் இல்லை, தலைக்கு மேல் ஓட்டுக் கூரை போட்ட பாலம். ஆடி பிறந்தால் அந்தக் கூரையேறி உடைந்த ஓடுகளை மாற்றுபவர் ராசாங்கம். வயது அறுபத்திரண்டு. வாய் கொஞ்சம் நீளம், வேலை சுத்தம், பிடிவாதத்தைக் கேட்கவே வேண்டாம்.

கூரை இருந்தால் அது வீடு என்பது அந்த ஊர் வழக்கம். ஒரு வீட்டைவிட்டுப் புறப்பட்ட பிணத்தை இன்னொரு கூரைக்குள் விட்டால், விட்டவன் வீட்டில் அடுத்த சாவு விழுமாம். அதனால் பாடை எப்போதும் பாலத்துக்குப் பக்கத்தில் வாய்க்காலில் இறங்கித்தான் சுடுகாட்டுக்குப் போகும். மழையில்லாத நாளில் முழங்கால் தண்ணீர்தான், யாருக்கு என்ன நஷ்டம்?

போன கார்த்திகையில் ராசாங்கத்தின் மனைவி சாந்தா இறந்தபோது அடைமழை. வாய்க்கால் இரு கரையும் தொட்டு ஓடியது. முதல் நாள்தான் ஒரு எருமையை அடித்துக்கொண்டு போயிருந்தது. பாடையின் முன்பக்கம் மகன் அறிவரசன் தோளில். இடுப்பில் கயிறு கட்டிக்கொண்டு இறங்கினான். இரண்டாவது அடியிலேயே தண்ணீர் மார்புக்கு வந்துவிட்டது, பாடை சாய்ந்தது. ராசாங்கம் கரையோரம் ஓடினார். பெண்டாட்டியோடு பிள்ளையையும் வாரிக் கொடுப்பதா?

"ஏறுடா மேல! பாலத்து வழியா போவோம்!"

பாடையைக் கரையேற்றினார்கள். ஆனால் பாலத்து வாசலில் பக்கத்துத் தெரு அமாவாசை கையை நீட்டி மறித்தான்.

"அதெப்புடிண்ணே? எங்கப்பன் செத்தப்ப, 'தண்ணியில எறங்குங்கடா'ன்னு இதே எடத்துல நின்னு சொன்னது யாரு? அன்னிக்கும் வெள்ளந்தான். என் தம்பி கால ஒடிச்சுக்கிட்டு இன்னும் நொண்டிக்கிட்டு கெடக்கான்."

"நாந்தான் சொன்னேன். என்னைச் செருப்பால அடி, வாங்கிக்கிறேன். கூரை இருந்தாத்தானடா வூடு?"

சொன்னவர் விறுவிறுவென்று கூரையேறி ஓடுகளைப் பிடுங்கிக் கீழே எறிய ஆரம்பித்தார். பாலத்தைச் சேதப்படுத்தினால் ஜெயில் என்று தகரப் பலகை ஒன்று தொங்கிக்கொண்டிருந்தது. தொங்கட்டுமே! நடக்கிற வழி முழுக்க வானம் தெரிய வேண்டும். பாதிகூடப் பிரியவில்லை, பொழுது இறங்கிவிட்டது. பாசி பிடித்த சட்டத்தில் கால் வழுக்கி ஒற்றைக் கையில் தொங்கி, எப்படியோ மறுபடி ஏறிக்கொண்டார். கீழே கூட்டம் "ஐயோ" என்று கத்தியது.

அப்போதுதான், பாடையைத் தோளிலிருந்து இறக்காமல் அறிவரசன் நின்ற கரை பொதுக்கென்று சரிந்தது. இடுப்புக் கயிற்றை நாலு பேர் சேர்ந்து இழுத்ததால் பிழைத்தான். தோளில் இருந்த அம்மாவை மட்டும் அவன் விடவில்லை.

அமாவாசை நீட்டிய கையை மடக்கிக்கொண்டு கரைக்கு ஓடினான்.

"பிரிச்சது போதும்ண்ணே! அடேய் அறிவு, அம்மாவ உள்ள தூக்கிட்டு வாடா! சாவு வுழுந்தா என் வூட்டுல வுழட்டும்!"

பாடைக்கு அவனே தோள் கொடுத்தான்.

ராசாங்கம் இறங்கவில்லை. பிரித்த இடத்துக்குக் கீழே பாடை வந்தபோது மழை நேராகச் சாந்தாவின் முகத்தில் விழுந்தது. காலையிலிருந்து ஒரு சொட்டுக் கண்ணீர் விடாத மனுஷன், சட்டத்தைக் கட்டிப் பிடித்துக்கொண்டு, "நனையிறியேடி சாந்தா" என்று ஓவென்று அழுதார்.