வளத்திப் பிள்ளையின் அம்மா

கூடைப்பந்து பழக்குகிறவர்கள் ஊர் மனிதரை முகத்தால் அறிவதில்லை, உச்சந்தலையால்தான் அறிவார்கள். சந்தைக்குப் போனாலும் சாவீட்டுக்குப் போனாலும் என் கண் போவது ஆட்களின் உயரத்துக்கு. கரப்பந்தும் வலைப்பந்தும் பழக்குகிற தோழர்களே, உங்களுக்கும் இந்த நோய் இருக்கும், வெளியே சொல்லமாட்டீர்கள். நான் முல்லைத்தீவு மாவட்டத்துப் பெண்பிள்ளைகளுக்குப் பயிற்றுநர். குடியிருப்பு மாங்குளத்தில். எனக்கும் ஆறடிக்குக் கிட்டவான உயரம். சின்ன வயதில் கொக்கு என்றுதான் கூப்பிடுவார்கள்.

நெல் காய்கிற இடம்

எங்களுக்கு வாய்த்த திடல் ஒன்றே ஒன்று. நல்ல சீமெந்துத் தரை, அதுதான் கரைச்சல். காலபோக நெல் வெட்டினால் சுற்றுவட்டாரத்து நெல்லெல்லாம் அதில்தான் காயும். ஒரு சனிக்கிழமை போய்ப் பார்த்தால், ஒரு பக்க வளையத்துக்குக் கீழே படங்கு விரித்து நெல் பரவியிருந்தது. வயற்காரர் துரை அண்ணை கதிரை போட்டு இருந்து காகம் கலைத்துக்கொண்டிருந்தார்.

எனக்குக் கோபம் வந்தது. மாகாண அணிக்கான தேர்வு வருகிறது, பிள்ளைகள் எங்கே ஓடுவது என்று சத்தம் போட்டேன். அவர் பொல்லாத மனிதர் இல்லை. போன கிழமைதான் பிள்ளைகளுக்கு ஒரு குலை இளநீர் வெட்டிக் கொண்டுவந்து தந்தவர். நெல்லைப் பார்த்தார், வளையத்தைப் பார்த்தார், ஆறுதலாக யோசித்துவிட்டுச் சொன்னார்:

“ஓடுறதை அறுவடைக்குப் பிறகு பழக்குங்கோ, ரீச்சர். இப்ப நிண்டு எறியப் பழக்குங்கோ.”

கோயில் வாசலில்

கடற்கரையில் ஒரு மாதா கோயிலுக்கு, சிநேகிதியின் குழந்தையின் ஞானஸ்நானத்துக்காகப் போயிருந்தேன். நான் சைவக்காரி. எப்போது எழும்புவது, எப்போது முழங்காலில் நிற்பது என்று தெரியாமல் தடுமாறி, பூசை முடியமுதல் வெளியே வந்துவிட்டேன். வாசலில் செருப்புகள் குவிந்து கிடந்தன. கால் பெரிதென்றால் ஆள் வளர்வாள் என்பது என் சொந்த விஞ்ஞானம். குவியலில் பென்னாம்பெரிய றப்பர் செருப்பு ஒன்று. அறுந்த பட்டியைப் பெண்பிள்ளைகள் தலையில் கட்டுகிற ரிப்பனால் முடிந்திருந்தார்கள். இவ்வளவு பெரிய காலோடு ஒரு பெண்பிள்ளையா! செருப்பை எடுத்துச் சாணால் அளந்தேன்.

அந்த நேரம் பார்த்துச் செருப்புக்காரி வெளியே வந்தார். என் முழங்கையளவுதான் இருப்பார். பெயர் ரீற்றா என்று பிறகு அறிந்தேன். விஞ்ஞானம் கவிழ்ந்தது என்று நினைத்தபோது, அவருக்குப் பின்னால் மகள் யசிந்தா வந்தாள். தாயின் தலைக்கு மேலே அவளுடைய தோள் தெரிந்தது. நான் வாய் பிளந்து மகளையே பார்த்தபடி, செருப்பைக் கையில் வைத்துக்கொண்டு நின்றேன். ரீற்றா அக்கா கேட்டார்:

“அது என்ர மனுசன்ர செருப்பு, பிள்ளை. களவெடுக்கிறதெண்டாலும் பூசை முடியமுன்னமோ?”

வளர்ந்துவிடுவாளே

நான் யாரென்று சொல்லி, மகளைப் பழக்கத் தாயிடம் சம்மதம் வாங்கினேன். யசிந்தாவுக்கு நான் எறிந்த முதல் பந்தை அவள் ஒற்றைக் கையால் பிடித்தாள். சனிக்கிழமைகளில் பஸ் ஏறி மாங்குளம் வருவாள். இவளைப்போல ஒருத்தி இனி என் கைக்குக் கிடைக்கமாட்டாள் என்று தெரிந்துவிட்டது. உள்ளதைச் சொன்னால், அவள் வராத சனிக்கிழமை எனக்குச் சோறு இறங்காது.

மாகாணத் தேர்வு கிட்டியபோது தாய் மறித்துவிட்டார். அதில் தவறினால் அந்த வருசம் தவறியதுதான். வீட்டுக்கு ஓடினேன். ரீற்றா அக்கா முற்றத்தில் கருவாடு பிரட்டிக்கொண்டிருந்தார். துள்ளித் துள்ளி விளையாடினால் மகள் இன்னும் வளர்ந்துவிடுவாள் என்பதுதான் அவருடைய பயம். இப்போதே அந்தக் கரையில் அவளுக்கு ஏற்ற பெடியன் இல்லையாம். விளையாட்டால் ஆள் நெடுப்பதில்லை, அது பரம்பரை என்று விளங்கப்படுத்தினேன். கருவாட்டைப் பிரட்டியபடியே கேட்டுக்கொண்டிருந்தார். பிறகு என்னைக் காலிலிருந்து தலைவரை நிமிர்ந்து பார்த்தார்.

“இந்த வளத்தியோட உங்களுக்கு மாப்பிள்ளை கிடைச்சவரோ? எங்க, ஆளைக் கூட்டிக்கொண்டு வாங்கோ, பாப்பம்.”

பெண் வீட்டில் என் மாப்பிள்ளை

என் கணவருக்கு மாங்குளம் சந்தியில் சைக்கிள் கடை. என் தோளுக்குச் சற்று மேலே நிற்பார். விசயத்தைச் சொன்னதும் மறுபேச்சுப் பேசவில்லை. ஆனால் போகிற அன்று பார்த்தால், எங்கேயோ இரவல் வாங்கிய, குதி உயர்ந்த சப்பாத்தோடு நின்றார். எனக்காகத்தான் அந்தக் கோலம் என்று விளங்கியதும் சிரிப்பும் வந்தது, கண்ணும் கலங்கியது. நான் மோட்டார் சைக்கிளை ஓட்ட, அவர் பின்னால் இருந்து வந்தார்.

ரீற்றா அக்காவின் வீட்டு வாசலில்தான் இரண்டு பேருக்கும் உறைத்தது: சப்பாத்தைக் கழற்றாமல் யார் வீட்டுக்குள் போவது? கழற்றினார், இறங்கினார். யசிந்தா குசினிக்குள் ஓடிப்போய்ச் சிரித்தாள். தாய் சிரிக்கவில்லை. எங்களைப் பக்கத்தில் பக்கத்தில் நிற்கவைத்துப் பார்த்தார். வளத்திப் பெண்ணோடு சீவிப்பது கஷ்டமா, மறைக்காமல் சொல்லவேண்டும் என்று கேட்டார். தேர்வு முழுக்க இந்த மனிதர் சொல்லப்போகிற ஒரு பதிலில் தொங்கியது. அவர் அண்ணாந்து என்னைப் பார்த்தார்.

“அலுமாரிக்கு மேல இருக்கிற சாமானெல்லாம் அவாதான் எடுத்துத் தருவா. வேற ஒரு கஷ்டமும் இல்லை, அக்கா.”

வவுனியாவில்

நண்டுக்குழம்போடு சாப்பாடு தந்து, தானும் கூட வருவதென்றால் மகளை விடுவதாக ரீற்றா அக்கா சொன்னார். அப்படியே வவுனியாவில் நடந்த தேர்வுக்கு வந்தார்; அவர் கூடைப்பந்து பார்த்தது அதுதான் முதல் தடவை. மற்ற ஊர்களிலிருந்து வந்த பிள்ளைகள் திடலில் இறங்கியதும் என் பக்கத்தில் இருந்த ரீற்றா அக்கா எழும்பி நின்று பார்த்தார். யசிந்தாவை விட நெட்டையாக நாலைந்து பேர். அவளுடைய முதல் இரண்டு எறிகளையும் ஒருத்தி கையை மட்டும் நீட்டித் தட்டிவிட்டாள். மூன்றாவது தடவை யசிந்தா குனிந்து, அவளுடைய கக்கத்துக்குக் கீழால் புகுந்து போய்ப் போட்டாள். அதற்குப் பிறகு அவளைப் பிடிக்க ஆளில்லை.

தெரிவான பெயர்களில் கடைசியாக வாசித்தது அவளுடையது. தேர்வாளர் என்னிடம் வந்து, கை அருமை, உயரம்தான் கொஞ்சம் காணாது என்றார். நான் அழுதுகொண்டு நின்றேன். ரீற்றா அக்காவுக்கு அவர் சொன்னதில் பிற்பாதி மட்டும்தான் காதில் விழுந்திருக்கவேண்டும். முகம் சிவந்து, என் கையைப் பிடித்து ஒரு பக்கம் இழுத்துக்கொண்டு போனார்.

“மாப்பிள்ளை கிடக்கட்டும், ரீச்சர். இவள் இன்னும் நாலு விரல் வளர என்ன குடுக்கவேணும், அதைச் சொல்லுங்கோ.”

பிள்ளையைக் கண்டுபிடிப்பது எங்கள் தொழிலில் சின்ன வேலை; பெற்றவளும் அவளைக் கண்டுபிடிக்கும்வரை பொறுத்திருப்பதுதான், தோழர்களே, சம்பளத்தில் சேராத பெரிய வேலை.