அப்பாவை மந்தக்கல்லோடு கட்டி வைத்த நாலு வருடம்

தாழ்வுபாட்டில் மந்தக்கல் இருந்த வீடுகள் மூன்றே மூன்று. அதில் ஒன்று எங்களுடையது. சோளகக் காற்று கரையில் கறுப்பு மணலை ஒதுக்கிவிட்டுப் போன ஒரு காலையில் அது அப்பாவின் வலைக்குள் கிடந்தது. புளியங்கொட்டை நிறம், கோழிமுட்டை அளவு. கையில் எடுத்தால் இவ்வளவு சின்னதுக்கு இவ்வளவு பாரமா என்று இருக்கும். அந்தக் கல்லோடு சேர்த்து எதையாவது துணியில் கட்டினால், கட்டுக்குள் நேரம் ஊர்ந்துதான் போகும். வெளியே நாலு வருடம் என்றால் உள்ளே ஒரு பின்னேரம், அவ்வளவுதான்.

நாங்கள் அதை மீனுக்குத்தான் பாவித்தோம். ஐப்பசியில் நல்ல பாரை பட்டால் ஐஸ் இல்லாமலே கட்டி வைத்து, நத்தார்ப் பண்டிகைக்கு விலை ஏறியதும் அவிழ்ப்போம். கண் கூட மங்கியிராது. ஊரில் ஒரேயொரு கட்டுப்பாடு இருந்தது. கட்டியவர்தான் அவிழ்க்கவேண்டும். வேறொருவர் கை வைத்தால் இரண்டு வீட்டுக்கும் பேச்சுவார்த்தை அதோடு முடிந்தது.

நான் பல்கலைக்கழகத்துக்கு எடுபட்ட மாதம் அப்பாவுக்கு ஈரலில் புற்று என்றார்கள். எங்கள் குடும்பத்தில் பள்ளிக்கூடத்தை முழுதாகப் பார்த்தவன் நான்தான் என்பதால், டொக்டர் என்னை மட்டும் வெளியே கூப்பிட்டார். "இன்னும் ரெண்டு கிழமை. மிஞ்சினா மூண்டு" என்றார்.

வீட்டுக்கு வந்து மறைக்கத் தெரியாமல் சொல்லிவிட்டேன். அப்பா கதிரையில் இருந்தபடி கேட்டார். கொஞ்ச நேரம் காலை ஆட்டிக்கொண்டிருந்தார்.

"நல்ல மீனை ஆராவது பட்ட அண்டைக்கே விப்பினமோ? என்னைக் கட்டி வையுங்கோ. தம்பி பட்டம் எடுக்கிற அண்டைக்கு அவிழுங்கோ, வந்து பாக்கிறன்."

"நீங்கள் என்ன பாரையோ கட்டி வைக்க?" என்றார் அம்மா.

"பாரை எண்டு ஆர் சொன்னது? நான் வெறும் சூடை மீன். எண்டாலும் உன்ர வலையில பட்டது நான்தானே."

அம்மா சிரிக்கவில்லை. மனிதரைக் கட்டியதாக ஊரில் யாரும் கேள்விப்பட்டதில்லை. ஆனால் அந்த யோசனை எனக்குப் பிடித்துவிட்டது. அந்த மூன்று கிழமையை வீணாக்காமல் சேமித்து, சரியான நாளில் எடுக்கலாம் என்று கணக்கு வாத்தியார் மாதிரி அம்மாவுக்கு விளங்கப்படுத்தினேன். அடுத்த நாள் அம்மா அவரை உள்ளறைக் கட்டிலில் படுக்க வைத்து, தலைமாட்டில் கல்லை வைத்து, மெல்லிய வெள்ளைத் துணியால் சுற்றிக் கட்டினார். துணிக்கூடாக மூக்கும் நெற்றியும் மங்கலாகத் தெரிந்தன.

நான் யாழ்ப்பாணம் போய்விட்டேன். விடுமுறைக்கு வரும்போதுதான் அம்மாவின் நாள் எப்படிப் போகிறது என்று கண்டேன். காலையில் அப்பாவின் நெஞ்சு மெல்ல ஏறத் தொடங்கும். அம்மா கரையில் மீன் காயவைக்கும் வாடிக்குப் போய்க் கருவாடு புரட்டிவிட்டு வந்து, சமைத்து, உடுப்புத் தோய்த்து முடிக்கப் பின்னேரமாகும். அப்போதுதான் அந்த ஒரு மூச்சு இறங்கி முடிந்திருக்கும். பக்கத்தில் படுக்கவும் ஏலாது. துணிக்கு வெளியே இருப்பவருக்கு அவர் ஒரு மரக்கட்டை. அம்மா நிலத்தில் பாய் போட்டுப் படுத்தார்.

என் மூன்றாம் வருடச் சோதனைக்கு முந்தின கிழமை அம்மா போன் எடுத்தார்.

"தம்பி, ஒருக்கா அவிழ்க்கட்டோ? ஒரு சொல்லுக் கதைச்சிட்டுத் திருப்பிக் கட்டிவிடுறன்."

"என்னத்துக்கு அம்மா?"

"சும்மாதான்."

"அவரின்ர நாள் குறையும். பொறுங்கோ. இன்னும் கொஞ்சக் காலம்தானே."

"ஓம், நீ படிச்சனீ. உனக்குத் தெரியும்தானே" என்றார். அதை நான் சம்மதமாக எடுத்துக்கொண்டு, போனை வைத்துவிட்டுப் புத்தகத்தை விரித்தேன். கட்டியவர் அவர். அவிழ்க்க என்னிடம் கேட்டிருக்கத் தேவையே இல்லை. அது அன்றைக்கு எனக்கு உறைக்கவில்லை.

பட்டமளிப்புக்கு இரண்டு நாள் இருக்கும்போது, நானும் வீட்டுக்கு வந்து நிற்க, அம்மா முடிச்சை அவிழ்த்தார். அப்பா கண்ணைக் கசக்கிக்கொண்டு எழும்பினார்.

"வெயில் தாழ்ந்திட்டுதோ?" என்றவர் அம்மாவைப் பார்த்தார். "என்னடியப்பா, தலையில மாவைக் கொட்டிப்போட்டியோ?"

அம்மா எழும்பிக் குசினிக்குள் போய்விட்டார். அப்பா என் பக்கம் திரும்பினார். என் மீசையையும் மூக்குக்கண்ணாடியையும் பார்த்தார். பகிடி முகத்திலிருந்து வடிந்து போவதைக் கண்டேன்.

அன்று சாப்பிடும்போது கேட்டார்: "நாலு வருசமும் ஒருக்காலும் அவிழ்த்துப் பாக்கேல்லையோ?"

"தம்பி வேண்டாமெண்டவன்" என்றார் அம்மா, சொதியை ஊற்றிக்கொண்டே.

அப்பா என்னை ஏசவில்லை. ஏசியிருக்கலாம். கை கழுவிவிட்டு வந்து, "தம்பி, நான் யாழ்ப்பாணத்துக்கு வரேல்லை" என்றார்.

"அப்பா, அதுக்காகத்தானே இவ்வளவு காலமும்..."

"போய் வர ஒரு நாள். களைப்பில படுக்க இன்னொரு நாள். எனக்குக் கிடக்கிறதே பத்தோ பதினஞ்சோ. நான் ஒரு நித்திரை கொண்டு எழும்பினனான். நாலு வருசம் இருந்தவள் அவள். அந்த ரெண்டு நாளும் அவளுக்கு."

நான் கெஞ்சினேன், கோபப்பட்டேன். வாடகைக்கு வான் பிடிக்கிறேன் என்றேன். அவர் தலையை ஆட்டிக்கொண்டே இருந்தார். கடைசியில் அம்மாவைப் பார்த்தேன், எனக்காக ஒரு சொல் சொல்வார் என்று. அம்மா அப்பாவுக்குப் பக்கத்தில் போய் இருந்தார். அன்றைக்கு அவர் போனில் கேட்டது எனக்கு அப்போதுதான் விளங்கியது.

தனியப் போனேன். மண்டபத்தில் அம்மா அப்பாவுக்கென்று ஒதுக்கிய இரண்டு கதிரைகளிலும் யாரோ ஒருவரின் பெரியம்மாவும் பேத்தியும் இருந்தார்கள். மேலங்கியைத் திருப்பிக் கொடுத்துவிட்டு மத்தியான பஸ்ஸைப் பிடித்தேன். வெள்ளாங்குளம் தாண்டும்வரை அழவில்லை.

பொழுதுபட வீட்டுப் படலையில் கை வைத்தபோது உள்ளே அம்மாவின் குரல் கேட்டது. ஏசிக்கொண்டிருந்தார். எங்கள் வள்ளத்தைச் சொந்தக்காரர் கேட்காமல் கொண்டுபோனது, காற்றுக்குத் தகரம் பறந்தது, ஆஸ்பத்திரி வரிசையில் மயங்கி விழுந்தது, ஒன்றுக்கும் நீங்கள் இல்லை, கட்டிலில் கிடந்தீர்கள் என்று ஒவ்வொன்றாக. நாலு வருடமாக அந்தக் குரலை நான் கேட்டதில்லை. இடைக்கிடை அப்பா, "ஓம்... ஓமப்பா... அது என்ர பிழைதான்" என்றார்.

"உங்களுக்கென்ன, நல்லா நித்திரை கொண்டனீங்கள்!"

"ஓம். சொல்லு. பிறகு?"

படலையைத் திறக்காமல் கையை எடுத்தேன். கரைக்குப் போகும் ஒழுங்கை முடிவில் கவிழ்த்துப் போட்டிருந்த ஒரு வள்ளத்தில் போய் இருந்தேன். பட்டத்தை அவர்களுக்கு அடுத்த நாள் காலையில்தான் காட்டினேன்.